எங்கள் ஊரை எண்ணிய மாசி மாதம்

நம் வயதில் நாலு பேர் சேர்ந்து உட்கார்ந்தால் முதலில் முழங்கால் வலி, அப்புறம் சர்க்கரை, அதற்கும் அப்புறம் சொந்த ஊர். முதல் இரண்டையும் நான் தாராளமாகப் பேசுவேன். மூன்றாவது வரும்போது ஏதாவது சாக்குச் சொல்லி எழுந்துவிடுவேன். நீங்களும் கவனித்திருப்பீர்கள். ஊரின் மேல் எனக்குக் கோபம் ஒன்றும் கிடையாது, அலுப்புதான். ஏரியை மூடி லேஅவுட் போட்டுவிட்டார்கள், சந்தை நடந்த இடத்தில் பதினான்கு மாடி நிற்கிறது என்று யாராவது வந்து சொன்னால், அப்படியா என்று கேட்டுக்கொள்கிறேன். அதற்காகக் கண்ணைக் கசக்கும் தெம்பெல்லாம் போய்விட்டது. ஆனால் அந்த ஊரைப் பற்றி ஒரு விஷயம் என்னிடம் மாட்டிக்கொண்டிருக்கிறது. யாரிடம் சொல்லியிருக்க வேண்டுமோ அவர்கள் எல்லாரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். மிச்சம் நீங்கள்தான்.

பெங்களூருக்குத் தெற்கே, சந்தாபுராவில் பஸ்ஸை விட்டு இறங்கி ஆனேக்கல் பக்கமாக ஒரு மணி நேரம் நடந்தால் எங்கள் ஊர். அதைக் கிராமம் என்பதா டவுன் என்பதா என்று ஊர்க்காரர்களுக்கே தெரியாது. சாலைக்கு மேற்கே பேட்டை. அங்கே கன்னடம் பேசும் கடைக்காரர்கள், ஒரு ரைஸ் மில், புதன்கிழமைச் சந்தை. கிழக்கே மேடு. மேட்டில் தெலுங்கு பேசும் குடியானவர்கள், ராகிக் கொல்லை, மல்பெரித் தோட்டம். ஏரிக்கரையை ஒட்டி உருது பேசும் பட்டுக்காரர்களின் வீடுகள், பட்டுக்கூட்டை வேகவைத்து நூல் எடுக்கும் கொட்டகைகள். காற்று அந்தப் பக்கமிருந்து திரும்பினால் வெந்த புழுவின் நாற்றம் எங்கள் சாப்பாட்டுத் தட்டு வரைக்கும் வரும். தென்கோடியில் எங்கள் தெரு. கல் உடைக்கவும் ரோடு போடவும் கிருஷ்ணகிரிப் பக்கத்திலிருந்து வந்து, வேலை முடிந்தும் திரும்பிப் போகாமல் தங்கிவிட்டவர்களின் வாரிசுகள் நாங்கள். வீட்டில் தமிழ், பள்ளிக்கூடத்தில் கன்னடம், ஏரிக்கரைக்குப் போனால் உருதுவில் நாலு வார்த்தை.

இதையெல்லாம் நான் இவ்வளவு வரிசையாகச் சொல்வதற்குக் காரணம் அப்பா வரைந்த படம். அப்பா அந்த ஊர்க் கன்னடப் பள்ளிக்கூடத்தின் ஹெட்மாஸ்டர். அறுபதுகளின் தொடக்கத்தில், எனக்குப் பத்து வயது இருக்கும்போது, ஜனத்தொகைக் கணக்கு வந்தது. ஊரை ஐந்து பாகமாகப் பிரித்தார்கள். நாலு பாகத்துக்கு நாலு வாத்தியார்கள். ஐந்தாவதான எங்கள் தெருவை அப்பாவே எழுதிக்கொண்டு, மற்ற நாலு பேருக்கும் மேற்பார்வையும் பார்க்க வேண்டும். பழுப்புக் காகிதத்தைக் கூடத்தில் விரித்து, மண்டியிட்டு, ஊரை வரைந்தார். செங்கல் வீட்டுக்குச் சதுரம், கூரை வீட்டுக்கு முக்கோணம். ஏரிக்கு நீல மசி. அந்த மசி காய்வதற்குள் தம்பி கையை வைத்து ஏரியை மல்பெரித் தோட்டம் வரைக்கும் இழுத்துவிட்டான். அப்பா அவனை அடிக்கவில்லை. மழைக்காலத்தில் அது அங்கே வரைக்கும் வரத்தான் வருகிறது என்று சொன்னார்.

பிறகு வீட்டுக்கு வீடு கதவுக்கு மேலே காவியில் எண் போட்டார்கள். எல்லா வீட்டிலும் ஆளுக்கு ஒரு சீட்டு எழுத ஆரம்பித்தார்கள். மாசி மாதம் பிறந்துவிட்டது. வெயில் ஏறத் தொடங்கியிருந்தது. புளி உலுக்கும் காலம். தெருவெங்கும் பாய் விரித்துப் புளி காயும், அதன் நடுவே அப்பா மூக்குக் கண்ணாடியோடு ஒவ்வொரு வாசலிலும் உட்கார்ந்து பெயர் கேட்பார்.

இந்த இடத்தில்தான் ஊருக்கு ஒரு பைத்தியம் பிடித்தது. ஐயாயிரம் தலை இருந்தால் ஊர் டவுனாகிவிடும், டவுனானால் கரண்ட் வரும், ஆஸ்பத்திரி வரும், மிடில் ஸ்கூல் வரும் என்று யாரோ கிளப்பிவிட்டார்கள். யார் என்று இன்றுவரை தெரியாது. ஊர்க் கணக்கு எழுதும் ஷானுபோகரும் ரைஸ் மில்காரரும் ஒரு சாயங்காலம் எங்கள் வீட்டுக்கு வந்து, ஐயாயிரத்துக்குக் கொஞ்சம் குறையும் போலிருக்கிறதே மேஷ்ட்ரே என்று மெதுவாக ஆரம்பித்தார்கள். அப்பா முதலில் முறுக்கிக்கொண்டார். சர்க்கார் வேலை, பொய் எழுத முடியாது என்றார். ஆனால் மிடில் ஸ்கூல் என்ற வார்த்தை அவரைத் தின்றது. எங்கள் ஊரில் பெண் பிள்ளைகளின் படிப்பு நாலாம் கிளாஸோடு சரி. அடுத்த வருஷம் நான் நிற்க வேண்டிய வருஷம். அவர்கள் போன பிறகு என்னைப் பார்த்தபடி வெகு நேரம் உட்கார்ந்திருந்தார்.

அதற்கப்புறம் அவர் பேனா இளகிவிட்டது. பட்டாளத்துக்குப் போன பிள்ளைகள் வீட்டில் இருப்பதாக எழுதப்பட்டார்கள். பெங்களூர் மில்லில் வேலை செய்து அங்கேயே குடும்பம் வைத்துவிட்டவர்களும் திரும்பி வந்தார்கள். மூன்றாம் வீட்டுத் தாத்தா செத்துப் பதினாறாம் நாள்கூட முடியவில்லை, அவரையும் விட்டுவிட மனசில்லாமல் சேர்த்துக்கொண்டார்கள். கோடி வீட்டில் நிறைமாதமாக ஒரு பெண் இருந்தாள். பிறக்கத்தானே போகிறது என்று அந்த வயிற்றுக்கும் ஒரு சீட்டு. இரட்டையாக இருந்தாலும் இருக்கும் என்று மில்காரர் இழுத்துப் பார்த்தார், அதற்கு மட்டும் அப்பா ஒப்பவில்லை.

ஆனால் ஒன்று கவனியுங்கள். இத்தனை பேரைக் கூப்பிட்டுக் கூப்பிட்டுச் சேர்த்த எங்கள் தெருவில், கட்டிக்கொடுத்த பெண்ணைச் சேர்க்கச் சொல்லி ஒரு வீட்டிலிருந்தும் கேட்கவில்லை. புருஷன் வீட்டுக்குப் போன பெண்ணின் பெயரைப் பிறந்த வீட்டுக் கணக்கில் எழுதினால், அந்த எழுத்து அவளை இழுத்துக்கொண்டு வந்துவிடும், வாழாவெட்டியாக வந்து வாசலில் நிற்பாள் என்று ஒரு பயம். செத்தவரை எழுதலாம், பிறக்காததை எழுதலாம், கட்டிக்கொடுத்தவளை எழுதக் கூடாது. சாஸ்திரம் எதிலும் அப்படி இல்லை. எங்கள் தெருவில் இருந்தது, அவ்வளவுதான்.

எங்கள் வீட்டில் அத்தை இருந்தாள். அப்பாவின் ஒரே தங்கை. பெங்களூர் ஆஸ்டின் டவுனில் ஒரு ஃபிட்டருக்குக் கட்டிக்கொடுத்திருந்தார்கள். இரண்டு தீபாவளிக்கு முன்னால் பண்டிகைக்கென்று டிரங்குப் பெட்டியோடு அனுப்பி வைத்தார்கள், திருப்பிக் கூட்டிப்போக யாரும் வரவில்லை. அங்கே வேறொருத்தி வந்துவிட்டாள் என்று பேச்சு. எங்கள் வீட்டில் அந்தப் பேச்சு எழக் கூடாது. யார் கேட்டாலும், விருந்துக்கு வந்திருக்கிறாள் என்று அம்மா சொல்வாள். ஒன்றரை வருஷ விருந்து. விருந்தாளிதான் விடிகாலையில் எழுந்து ராகி அரைத்தாள், களி கிண்டினாள், எனக்குப் பேன் பார்த்தாள், தம்பியைக் குளிப்பாட்டினாள். அவள் புடவைகளை வைக்க அலமாரியில் ஒரு தட்டுக்கூட அம்மா ஒதுக்கவில்லை. அம்மாவுக்குக் கெட்ட மனசு என்று நினைக்காதீர்கள். தட்டு ஒதுக்கினால் இவள் இங்கேயே தங்கிவிடப் போகிறாள் என்று நாமே சொன்னதாக ஆகிவிடும் என்பது அவள் எண்ணம்.

எங்கள் வீட்டுச் சீட்டை அப்பா ஒரு ஞாயிற்றுக்கிழமை எழுதினார். தான், அம்மா, நான், தம்பி. நாலு சீட்டு. மசி காயட்டும் என்று நாலையும் வரிசையாகப் பரப்பினார். சமையலறை நிலையைப் பிடித்துக்கொண்டு அத்தை பார்த்துக்கொண்டே இருந்தாள். ஐந்தாவதற்குக் காத்திருந்தாள் என்று இப்போது தெரிகிறது. அப்பா பேனாவை மூடினார்.

"எம் பேரு, அண்ணா?" என்று கேட்டாள்.

அப்பா அவளைப் பார்க்காமல், "உன்ன அங்க எழுதியிருப்பாங்கம்மா. கட்டின வீட்லதான எழுதணும்," என்றார்.

அது சும்மா வாயில் வந்த சமாதானம். அத்தை அதை அப்படி எடுத்துக்கொள்ளவில்லை. அவளுக்கு அண்ணன் சொன்னால் சொன்னதுதான், அதுவும் கணக்கு விஷயத்தில் அண்ணன்தான் சர்க்கார். அங்கே எழுதியிருப்பார்கள் என்றால், அங்கே இன்னும் அவளுக்கு இடம் இருக்கிறது என்று அர்த்தம். அன்று முழுக்க அவள் முகம் வேறு மாதிரி இருந்தது. களி கிண்டும்போது ஏதோ முணுமுணுத்துப் பாடினாள். அவள் பாடி அதுவரை நான் கேட்டதில்லை.

நாலைந்து நாள் கழித்து, ஆஸ்டின் டவுனில் தெரிந்தவள் வீட்டில் குழந்தை பிறந்திருக்கிறது, பார்த்துவிட்டு வருகிறேன் என்று அம்மாவிடம் சொன்னாள். துணைக்கு என்னைக் கூட்டிக்கொண்டாள். சந்தாபுரா வரைக்கும் நடை, அங்கிருந்து பஸ். கல்யாணத்துக்குக் கட்டிய அரக்குப் புடவையை எடுத்துக் கட்டியிருந்தாள். பெட்டியிலேயே கிடந்ததில் மடிப்பு விழுந்த இடமெல்லாம் வெளுத்திருந்தது. பஸ்ஸில் எனக்கு வேர்க்கடலை வாங்கிக் கொடுத்தாள், தான் ஒன்றுகூடத் தொடவில்லை.

குழந்தை எதுவும் இல்லை. நாங்கள் போனது அவள் புருஷன் வீட்டுக்கு. ஒன்றையொன்று ஒட்டி வரிசையாகச் சின்னச் சின்ன வீடுகள், தெருவுக்கு ஒரு குழாய். அந்த வீட்டு நிலையிலும் காவியில் எண் போட்டிருந்தது. அத்தை முதலில் அதைத்தான் பார்த்தாள். உள்ளேயிருந்து அவள் மாமியார் வந்து வாசலை அடைத்துக்கொண்டு நின்றாள். கையில் அரிசி முறம். வா என்று சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. உள்ளே ஒரு குழந்தை அழுதது, ஒரு பெண் குரல் அதை அதட்டியது. அத்தைக்கு அது போதுமாக இருந்திருக்க வேண்டும். ஆனால் அவள் வந்தது வேறு ஒன்றைக் கேட்க.

"கணக்கு எழுத வந்தாங்களே அத்த, இந்த வூட்ல எத்தினி பேருன்னு எழுதிக்கினாங்க?"

"நாலு பேரு."

"என்னையும் சேத்தா?"

மாமியாருக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் முறத்தைப் பார்த்துக்கொண்டே, "உன்ன இன்னாத்துக்கு இங்க எழுதறாங்க? உங்கண்ணன் வாத்தியார்தான, அவரு எழுதியிருப்பாரு," என்றாள். திட்டுகிற குரலில்கூடச் சொல்லவில்லை.

திரும்பி வரும்போது அத்தை அழவில்லை. பஸ் ஜன்னல் வழியே வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். சந்தாபுராவில் இறங்கி நடக்கும்போது, எனக்குக் கால் வலிக்கிறது என்றேன், இடுப்பில் தூக்கிக்கொண்டாள். பத்து வயதுப் பிள்ளையைப் பாதி வழி தூக்கிக்கொண்டே வந்தாள். அவள் மூச்சிரைத்தது என் கன்னத்தில் பட்டது. நானும் இறங்குகிறேன் என்று சொல்லவில்லை.

அன்று சாயங்காலமே அப்பாவிடம் கேட்டாள். போய் வந்ததை மறைக்கவில்லை. அங்கே எழுதவில்லை, இங்கே எழுதுங்கள் என்றாள். அப்பாவுக்கு முகம் கறுத்தது. அவர் கோபப்பட்டிருந்தால்கூட எனக்கு இப்போது சுலபமாக இருக்கும். அவர் பொறுமையாகத்தான் பேசினார். சீட்டில் கல்யாணமானவரா, ஆகாதவரா, புருஷனை இழந்தவரா, பிரிந்தவரா என்று ஒரு கேள்வி இருக்கிறது, உன்னை எழுதினால் அந்தக் கடைசி வார்த்தையை என் கையால் எழுத வேண்டும், எழுதிவிட்டால் அது சர்க்கார் காகிதத்தில் நின்றுவிடும், நாளைக்கு அவன் மனசு மாறி வந்தாலும் மாற்ற முடியாது என்றார். அம்மா என் தலையைத் தொட்டு, "நாளைக்கு இவளுக்கு ஒரு எடம் பாக்கணும்," என்று மட்டும் சொன்னாள். அதற்கு மேல் அந்தக் கூடத்தில் யாரும் என் பக்கம் பார்க்கவில்லை.

"செத்துப் போனவருக்கு எடம் இருக்குது, வயித்துல இருக்கறதுக்கு எடம் இருக்குது," என்றாள் அத்தை. "நான் எங்கியாவது ஒரு எடத்துல இருக்கணும் இல்லியா, அண்ணா?"

அப்பா எழுந்து போய்க் கை கழுவினார். அன்றைக்கு அவர் சாப்பிட்டிருக்கவே இல்லை.

மறுநாள் காலை அத்தை டிரங்குப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு ஏரிக்கரைக்குப் போனாள். பட்டுக் கொட்டகைக்குப் பின்னால், வெளியூரிலிருந்து நூல் எடுக்க வந்த பெண்கள் தங்க ஒரு வரிசை அறைகள் இருந்தன. அதில் ஒன்று காலியாக இருந்தது. தெருவே வேடிக்கை பார்த்தது. இரண்டு நாளில் கை வெந்துபோய்த் தானாகத் திரும்பி வருவாள் என்று அம்மா சொன்னாள். கை வெந்தது உண்மை. கொதிக்கிற தண்ணீரில் விரலை விட்டு நூலின் நுனியைத் தேட வேண்டிய வேலை. திரும்பி மட்டும் வரவில்லை.

கணக்கில் கடைசியாக ஒரு சுற்று உண்டு. பங்குனி பிறக்கும் முன்னால் வாத்தியார்கள் எல்லா வீட்டுக்கும் மறுபடி போய், நடுவில் யாராவது பிறந்தார்களா, போனார்களா, புதிதாக வந்தார்களா என்று கேட்டுத் திருத்துவார்கள். அது முடிந்ததும் ஐந்து கட்டுச் சீட்டுகளும் எங்கள் வீட்டுக்கு வந்தன. அப்பா அவற்றைச் சரிபார்த்துக் கூட்ட வேண்டும். கூடத்தில் கால் வைக்க இடமில்லை. நான் பக்கத்தில் உட்கார்ந்து கன்னட எழுத்துகளைப் படித்துக்கொண்டிருந்தேன். கொட்டகைப் பக்கத்துக் கட்டை எழுதியவர் ஒரு இளவயசுக் கன்னட வாத்தியார், கையெழுத்து முத்து முத்தாக இருக்கும். அதில் பாதியில் அப்பாவின் விரல் நின்றது.

அது அத்தையின் சீட்டு. நான் முழுவதும் படித்தேன். குடும்பத் தலைவருக்கு என்ன உறவு என்ற இடத்தில், தானே தலைவி. பிறந்த இடம், இதே ஊர். தாய்மொழி தமிழ். தொழில், பட்டு நூல் எடுத்தல். கல்யாண விஷயத்தில், பிரிந்தவர். கன்னட வாத்தியாருக்கு அவள் யார் என்று நன்றாகத் தெரியும். அவர் கேட்க வேண்டியதைக் கேட்டு, அவள் சொன்னதை எழுதியிருக்கிறார்.

அப்பா அதை உருவிக் கையில் எடுத்தார். அம்மா வந்து தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தாள். அவளுக்குக் கன்னடம் படிக்க வராது, ஆனால் அப்பாவின் முகம் படிக்க வரும். உள்ளே போய்விட்டாள். "ரெண்டு எடத்துல எழுதிட்டாங்க போல," என்றார் அப்பா, யாரிடம் என்று இல்லாமல். அப்படி இல்லை என்று அவருக்குத் தெரியும். எனக்கும் தெரியும், ஆஸ்டின் டவுன் வாசலில் நின்று மாமியார் சொன்னதைக் காதால் கேட்டவள் நான். சீட்டை இரண்டாக மடித்து என்னிடம் நீட்டினார்.

"அடுப்புல போட்டுட்டு வா, கண்ணு."

போட்டேன். ராகிக் களிக்கு உலை கொதித்துக்கொண்டிருந்தது. காகிதம் சட்டென்று பிடித்துக்கொண்டது. அப்பா நம்பி ஒரு வேலை கொடுத்தார் என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது, இதை ஒளிக்க விரும்பவில்லை. திரும்பி வந்தபோது அவர் கன்னட வாத்தியாரின் கூட்டல் தாளில் ஒரு எண்ணைச் சுரண்டித் திருத்திக்கொண்டிருந்தார்.

அப்பாவைக் கெட்டவர் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. தங்கையின் வாழ்க்கைக்குக் கதவைத் திறந்து வைக்கிறோம் என்றுதான் நினைத்தார். எனக்கு அவர் மேல் கோபம் வந்ததே என் ஐம்பதாவது வயதில்தான், அதற்குள் அவர் இல்லை. ஊர் ஐயாயிரத்தைத் தாண்டியது. அதனால் ஒன்றும் நடக்கவில்லை. கரண்ட் தன்பாட்டுக்கு வந்தபோது வந்தது. மிடில் ஸ்கூல் வந்தபோது நான் தாவணி போட்டுவிட்டேன். என்னைப் பெண் பார்க்க வந்தவர்கள் என் பல்லைப் பார்த்தார்கள், நடையைப் பார்த்தார்கள், புளிக்குழம்பில் உப்புக் குறைவு என்றார்கள். சர்க்கார் சீட்டில் எங்கள் வீட்டைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று ஒருத்தரும் கேட்கவில்லை.

கல்யாணம் நிச்சயமானதும் அத்தைக்குப் பத்திரிகை வைக்க நான்தான் போனேன். அத்தனை வருஷமும் அப்பாவும் அவளும் எதிரெதிரே வந்தால் தலையைக் குனிந்துகொண்டு போவார்கள். அவள் அப்போது கொட்டகையில் பத்துப் பெண்களுக்கு மேஸ்திரி. விரல் நுனியெல்லாம் வெளுத்துத் தடித்திருந்தது. எனக்குக் காப்பி போட்டுக் கொடுத்தாள், பேட்டை வரைக்கும் கூடவே நடந்து வந்தாள். பஞ்சாயத்து ஆபீஸ் சுவரில் ஊரின் விவரத்தைப் பெயிண்டில் எழுதி வைத்திருந்தார்கள். இத்தனை ஏக்கர், இத்தனை வீடு, இத்தனை ஜனம். அத்தை அதன் முன்னால் நின்று, ஜனத்தொகை வரியை ஒவ்வொரு எண்ணாக விரலால் தொட்டுப் படித்தாள். வழியில் போகும்போதெல்லாம் அப்படித் தொடுவாள் போலிருக்கிறது, அந்த இடத்தில் மட்டும் பெயிண்ட் மங்கியிருந்தது.

"இதுல நானும் ஒருத்தி," என்றாள். "இதக் கூட்டினது உங்கப்பாதான? எஞ் சீட்டப் பாத்திருப்பாரு. பாத்தும் எடுத்துப் போடாம வுட்டாரு பாரு. எனக்கு அவரு மேல இருந்த கோவம் அதுலயே போயிடுச்சு. கல்யாணத்துக்கு வரேன்னு சொல்லு."

"சரிங்க அத்த," என்றேன்.

வந்தாள். அப்பாவின் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டாள்.